ஒரு பாட்டு, மூன்று ஊர்

'வாட் எ வொண்டர்ஃபுல் வேர்ல்ட்' பாடிய சிரித்த முகத் தாத்தாவாகத்தான் ஜாஸ் டிரம்பெட் கலைஞர் லூயி ஆம்ஸ்ட்ராங் எனக்கும் முதலில் அறிமுகமானார். அந்தச் சிரிப்பையும் வெள்ளைக் கைக்குட்டையையும் பார்த்து, வெள்ளையரைக் குஷிப்படுத்துகிற ஆள் என்று அவரைப் போன்ற கறுப்பின இளைய கலைஞர்களே முகம் சுளித்தார்கள். டிஸ்ஸி கில்லஸ்பியும் அவர்களில் ஒருவர்.

அவரைப் புரிந்துகொள்ள 'பிளாக் அண்ட் புளூ' என்ற ஒரு பாட்டு போதும். ஃபேட்ஸ் வாலர் 1929இல் ஒரு பிராட்வே இசைநாடகத்துக்காக மெட்டமைத்தது. நாடகத்தில் அது, ஆண்கள் நிறம் பார்த்து ஒதுக்குகிறார்களே என்று ஒரு கறுத்த பெண் அழுகிற பாட்டு. அதே ஆண்டு இசைத்தட்டுக்காகப் பாடியபோது, அவள் கதையைச் சொல்லும் முன்பகுதியை ஆம்ஸ்ட்ராங் வெட்டிவிட்டார். ஒருத்தியின் காதல் குறை ஓர் இனத்தின் முறையீடாகிவிட்டது! ஒரு வரிகூடப் புதிதாக எழுதாமல் செய்த வேலை இது.

1956இல் கானாவின் அக்ராவில் அதைப் பாடினார். எதிரே அந்நாட்டு விடுதலைத் தலைவர் என்க்ருமா. கானா விடுதலை பெற இன்னும் ஏறக்குறைய ஓராண்டு இருந்தது.

மறு ஆண்டு, அமெரிக்காவின் லிட்டில் ராக் நகரில் ஒரு பள்ளிக்குள் ஒன்பது கறுப்பின மாணவர்கள் நுழையாதபடி ஆளுநர் படையை நிறுத்தினார். ஆம்ஸ்ட்ராங் வெடித்தார். அதிபர் ஐசனோவருக்குத் துணிச்சல் இல்லை என்று ஓர் இளம் நிருபரிடம் சொன்னார். அரசு சார்பில் போகவிருந்த சோவியத் பயணமும் வேண்டாமென்றார். பேசாதபோது கோழை என்றார்கள், பேசியதும் நன்றி கெட்டவன் என்றார்கள்.

1965 மார்ச், கம்யூனிஸ்ட் ஆட்சியிலிருந்த கிழக்கு பெர்லின். அமெரிக்காவின் செல்மாவில் கறுப்பினத்தவரின் வாக்குரிமைக்காக ஊர்வலம் போனவர்களைக் காவலர்கள் அடித்து ஏறக்குறைய இரண்டு வாரம்தான் ஆகியிருந்தது. அமெரிக்காவின் மானத்தை வாங்க ஒரு வார்த்தை கிடைக்காதா என்று நிருபர்கள் துருவினார்கள். அவர் பிடிகொடுக்கவில்லை. மேடையில் அதே பாட்டை எடுத்தார், ஆனால் சௌக்க காலத்தில். டிரம்பெட் ஒவ்வொரு சுரத்தையும் இழுத்து, கனக்க வைத்து, மெல்ல விடுகிறது. பாடும்போது அந்தச் சிரிப்பு முகத்தில் இல்லை. மேடைப் பேச்சு எதுவும் இவ்வளவு சொல்லியிருக்காது என்பேன்.

அந்தக் கச்சேரியின் படச்சுருள் இருக்கிறது. 1929 இசைத்தட்டை முதலில் கேட்டுவிட்டு, பிறகு அதைப் பாருங்கள்.