'சந்திரலேகா'வில் சர்க்கஸ்

எஸ். எஸ். வாசனின் 'சந்திரலேகா' (1948) பற்றிப் பேசுகிறவர்கள் முரசு நடனத்தோடு நின்றுவிடுகிறார்கள். நடுவில் வரும் சர்க்கஸ் அவர்களுக்கு வெறும் ஒட்டு. கதையளவில் இது சரிதான். குகையை அடைத்த பாறையை யானைகள் நகர்த்தி இளவரசனை மீட்ட பிறகும் சர்க்கஸ் முடிவதில்லை.

எனக்கு அந்தப் பகுதி முக்கியமாவது இந்தத் தேவையின்மையால்தான். கதை ஓய்ந்த இடத்தில் காமிரா சும்மா பார்க்கிறது. பார்ப்பது கமலா சர்க்கஸை. செட்டில் ஜோடித்த ஒன்றை அல்ல. தலைச்சேரியில் கீலேரி குஞ்ஞிக்கண்ணன் தொடங்கிவைத்த பயிற்சியில் வளர்ந்தது மலையாளிகளின் சர்க்கஸ். அந்தப் பயிற்சியின் உடல்கள் ஜெமினியின் செலவில் பிலிமில் தங்கிவிட்டன. வாசன் ஆவணம் எடுக்கப் புறப்பட்டவர் அல்ல.

ஆனால் முழுசாகத் தங்கவில்லை. அண்மைக் காட்சியில் டி. ஆர். ராஜகுமாரியின் முகம். தூரக் காட்சியில் ஊசலில் பறக்கும் ஓர் உடல், முகம் பிடிபடுவதில்லை. எடிட்டிங் இரண்டையும் ஒரே ஆளாக்குகிறது. பறப்பது யார் என்ற கேள்வியே எழுவதில்லை.

இது சினிமாவுக்கு மட்டும் உரிய தந்திரமல்ல. கடலூர் சிப்காட் தொழிற்பேட்டையில், புது ஆட்களுக்குப் போட்டுக்காட்டும் பாதுகாப்புப் படம் ஒன்றைப் பார்த்திருக்கிறேன். வால்வைத் திருகும் கையுறைக் கைகள் வருகின்றன, கைக்குரியவன் வருவதில்லை. வேலை துல்லியமாகத் தெரிகிறது.

ஜி. அரவிந்தனின் மலையாளப் படமான 'தம்பு' (1978) எதிர்த்திசையில் போகிறது. பாரதப்புழைக் கரையில், திருநாவாயாவில் ஒரு சர்க்கஸ் கூடாரம். ஷாஜியின் காமிரா வித்தையைவிட முகங்களில் தங்குகிறது: வாய் பிளந்து பார்க்கும் கிராமத்தாரின் முகங்கள், ஆட்டம் முடிந்து களைத்தவர்களின் முகங்கள். 2022இல் செப்பனிடப்பட்ட பிரதியில் இம்முகங்கள் இன்னும் தெளிவு.

இதனால் அரவிந்தன் உசத்தி, வாசன் மட்டம் என்று முடித்துவிட எனக்குச் சம்மதமில்லை. 'தம்பு'வின் பரிவில் வித்தை சோகத்துக்குச் சாட்சியாகச் சுருங்குகிறது. கம்பியில் நடக்கிறவனுக்குத் தன் சோகத்தைவிடத் தன் நடை பெரிது. அந்த நடையை ஜனங்களுக்கான பகட்டாகவே எடுத்தார் வாசன். ஆனாலும் குறைக்காமல் எடுத்தார்.

பழைய படச்சுருளைச் சுத்தம் செய்வதோடு காப்பகத்தின் வேலை தீர்ந்துவிடாது. தூரக் காட்சியில் பறந்தவர்களின் பெயர்களையும் தேட வேண்டும். தேடலைத் தலைச்சேரியில் தொடங்கலாம்.