பாறைக்குள் காலம்: சேலம், நாமக்கல் மலைக்கதைகள் குறித்த ஒரு மதிப்பீடு

பாறைக்குள் காலம் வழக்கம்போல ஓடுவதில்லை என்ற கற்பனை உலகக் கதைகள் பலவற்றில் காணப்படுகிறது. குகைக்குள் உறங்கி எழுந்தவர் வெளியே காலம் மாறியிருக்கக் காண்பது இதன் பொதுவான வடிவம். பாகவத புராணத்தில் முசுகுந்தன் குகையில் நெடுங்காலம் உறங்குகிறான். வெளியே வந்ததும் மனிதரும் மரங்களும் சிறுத்துப்போயிருப்பதைக் கண்டு, கலியுகம் நெருங்கிவிட்டதை உணர்கிறான். குர்ஆன் கூறும் குகைவாசிகளின் உறக்கம் 309 ஆண்டுகள் நீடித்தது.

சேலம், நாமக்கல் வட்டாரத்திலும் மலையையும் காலத்தையும் இணைக்கும் கதைகள் உண்டு. அவற்றுள் மூன்று இங்கு எடுத்துக்கொள்ளப்படுகின்றன. ஒன்றில் கல் வளர்கிறது. மற்றொன்றில் முதுமை இளமையாகத் திரும்புகிறது. மூன்றாவதில் காலம் தோற்றுப்போகிறது. இவற்றைக் கதைகளாகவும், நிலவியல் கூறும் செய்திகளோடு ஒப்பிட்டும் மதிப்பிடுவது இக்கட்டுரையின் நோக்கம்.

வளரும் கல்

நாமக்கல் நகரின் நடுவே நிற்கும் ஒற்றைப் பாறைக்குன்றின் தலவரலாறு பலரும் அறிந்தது. அனுமன் நேபாளத்தின் கண்டகி ஆற்றிலிருந்து சாளக்கிராமம் ஒன்றைக் கொண்டுவருகிறார். கமலாலயக் குளக்கரையில் அதை இறக்கி வைக்கிறார். மீண்டும் எடுக்க முயலும்போது அது அசையவில்லை, குன்றாக வளர்ந்துவிடுகிறது. அக்குன்றுக்குள் நரசிம்மர் எழுந்தருளுகிறார்.

குன்றை நோக்கிக் கைகூப்பி நிற்கும் 18 அடி உயர ஆஞ்சநேயர் சிலைக்குக் கூரை இல்லை. இதற்கு மக்கள் இரண்டு காரணங்கள் சொல்வர். சிலை வளர்ந்துகொண்டே இருப்பதால் கூரை தங்காது என்பது ஒன்று. தம் தலைவனே குன்று வடிவில் வெயிலிலும் மழையிலும் நிற்கும்போது தமக்கு மட்டும் கூரை எதற்கு என்று அனுமன் மறுத்தார் என்பது மற்றொன்று. கதை என்ற அளவில் இரண்டாவதே சிறந்தது. முதலாவது வியப்பை மட்டும் தருகிறது. இரண்டாவது அனுமனின் இயல்பைக் காட்டுகிறது. ஆந்திரத்தில் யாகந்தி நந்தியும் காணிப்பாக்கம் பிள்ளையாரும் வளர்வதாகச் சொல்லப்படுவதால், வளரும் கல் என்பது பல ஊர்களுக்கும் பொதுவான கதைக்கூறு என்பதும் தெளிவாகும்.

பாறை உண்மையிலேயே வளர்கிறதா என்று மாணவர்கள் கேட்டால், விடை குன்றிலேயே உள்ளது. அதியர் மரபினர் 8ஆம் நூற்றாண்டளவில் இங்குக் குடைவரைகளை அமைத்தனர். பாறையில் வெட்டப்பட்ட கல்வெட்டும் சிற்பங்களும் 1,200 ஆண்டுகளாக அங்கேயே உள்ளன. பாறை வளர்ந்திருந்தால் எழுத்துகளும் விரிந்து உருக்குலைந்திருக்கும்.

இக்கதையில் இன்னொரு முரணும் உண்டு. கண்டகி ஆற்றில் கிடைக்கும் சாளக்கிராமங்களில் பல, அம்மோனைட் என்னும் அழிந்துபோன கடலுயிரியின் புதைபடிவங்கள். அவற்றின் வயது சுமார் 15 கோடி ஆண்டு. நாமக்கல் வட்டாரத்தின் பழம்பாறைகளோ ஏறத்தாழ 250 கோடி ஆண்டுப் பழமையுடையவை. அதாவது, பேரனாக இருக்க வேண்டிய கல் பாட்டனைப் பெற்றெடுத்ததாகக் கதை சொல்கிறது. கதையைக் கட்டியவர்களுக்கு இந்தக் கணக்கு தெரிந்திருக்க வாய்ப்பில்லை. அதனால் கதைக்கு இழுக்கும் இல்லை.

திரும்பும் முதுமை

சேலத்தின் தென்மேற்கே உள்ள கஞ்சமலை, சித்தர் வழிபாட்டுக்குப் பெயர்பெற்றது. மூலிகை தேடி அங்கு வந்த குருவும் முதிய சீடரும் பற்றிய கதை பரவலாக வழங்குகிறது. திருமூலர், காலாங்கிநாதர் ஆகியோரின் பெயர்கள் இதனோடு இணைக்கப்படுகின்றன. சோறு சமைத்த சீடர் அருகில் கிடந்த ஒரு குச்சியால் கிளற, சோறு கறுத்துவிடுகிறது. குரு கோபிப்பாரோ என்று அஞ்சி அதைத் தாமே உண்டுவிடுகிறார். உடனே இளைஞராகிறார். திரும்பிவந்த குருவுக்கு அவரை அடையாளம் தெரியவில்லை.

மூன்று கதைகளில் மனித உயிர்ப்பு மிகுந்தது இதுவே. தவத்தால் கிடைக்காத இளமை, சோறு வீணானதே என்ற அச்சத்தால் கிடைக்கிறது. ஆனால் ஒரு குறையும் உண்டு: வேலை செய்வது மூலிகைதான், மலைக்குப் பங்கில்லை. இதே கதையை எந்த மலையில் வைத்தாலும் பொருந்தும்.

கஞ்சமலையின் சிறப்பு அதன் காந்த இரும்புத்தாது. 19ஆம் நூற்றாண்டிலேயே சேலம் இரும்புத்தாது பரங்கிப்பேட்டை இரும்பாலைக்குப் பயன்பட்டது. கறுத்த சோற்றுக்கும் கருந்தாதுக்கும் கதையில் ஒரு தொடர்பை ஏற்படுத்தியிருந்தால், கதை இந்த மண்ணுக்கே உரியதாகியிருக்கும்.

அழியாத பாவை

கொல்லிப்பாவை மூன்றிலும் பழமையானது. சங்கப் பாடல்களிலேயே பேசப்படுவது. தெய்வம் அமைத்ததாகச் சொல்லப்படும் இப்பாவையை நற்றிணை 201ஆம் பாடலில் பரணர் உவமையாக்குகிறார். காற்று மோதினாலும், மழை கொட்டினாலும், இடி விழுந்தாலும், நிலமே அதிர்ந்தாலும் அதன் அழகு குன்றாது என்பது கருத்து. தலைவியை மறக்க முடியாத தலைவனின் நெஞ்சுக்கு இதைவிடப் பொருத்தமான உவமை அரிது. வியப்புக்காக வியப்பைக் காட்டாமல், ஒரு மன உணர்வை விளக்க அதைப் பயன்படுத்துவதால் இதையே முதலிடத்தில் வைக்கலாம்.

உண்மையில் காலத்துக்குத் தப்பிய பாறை இல்லை. கொல்லிமலையின் பாறையே மழையிலும் வெயிலிலும் நெடுங்காலம் சிதைந்து, உச்சியில் பாக்சைட் தாதுவாக மாறியிருக்கிறது. பாவையை வெல்லாத மழை மலையை வென்றிருக்கிறது.

பாறையின் கடிகாரம்

பாறையின் வயதை அறிவதற்குச் சிர்க்கான் என்னும் சிறு படிகங்கள் உதவுகின்றன. அவற்றிலுள்ள யுரேனியம் சீரான வேகத்தில் ஈயமாக மாறுகிறது. யுரேனியம் 238 பாதியாகக் குறைய ஏறத்தாழ 447 கோடி ஆண்டும், யுரேனியம் 235 பாதியாகக் குறைய ஏறத்தாழ 70 கோடி ஆண்டும் ஆகும். ஒரே படிகத்தில் இரண்டு கடிகாரங்கள் இருப்பதால் ஒன்றைக்கொண்டு மற்றொன்றைச் சரிபார்க்கலாம்.

பாறை மீண்டும் கடுமையாகச் சூடேறினால் இக்கடிகாரம் குழம்புவதும் உண்டு. ஈயம் கசிந்து வெளியேறினால் படிகம் உண்மை வயதைவிட இளமையாகத் தோன்றும். காவிரியை ஒட்டிய இப்பகுதியில் சுமார் 55 கோடி ஆண்டுகளுக்கு முன் நிகழ்ந்த சூடேற்றத்தின் தடயங்கள் கிடைத்துள்ளன. பாறைக்குள் காலம் திரிவதற்கு மிக நெருங்கிய உண்மை இதுதான்.

இதைப் படித்தவுடன், கஞ்சமலைச் சித்தர்கள் இதை அன்றே அறிந்திருந்தனர் என்று எழுதத் தொடங்குவோர் உண்டு. ஒப்புமை சான்றாகாது. அப்படி எழுதுவது கதைக்கும் அறிவியலுக்கும் கேடு. கதை, அறிவியலின் சான்றிதழுக்குக் காத்திருக்க வேண்டியதாகிறது. அறிவியல், உழைத்துக் கண்டறியத் தேவையற்ற பழஞ்செய்தியாகிவிடுகிறது. கதைகள் அனைத்தும் பொய் என்று ஒதுக்குவதும் சரியன்று. பரணரின் உவமையை எந்த ஆய்வுக்கூடத்திலும் பொய்யாக்க முடியாது.

இழப்பு எங்கே?

பரமத்திவேலூர் வட்டாரத்துச் சித்தம்பூண்டியில் உள்ள அனார்த்தசைட் பாறை, நிலவின் மேட்டுநிலப் பாறையை ஒத்தது. சந்திரயான்-2 சோதனைகளுக்கான செயற்கை நிலவு மண்ணை உருவாக்க இஸ்ரோவுக்கு இவ்வட்டாரப் பாறை பயன்பட்டது. சேலம் பெரியார் பல்கலைக்கழக நிலவியல் துறையும் அப்பணியில் பங்கேற்றது. 250 கோடி ஆண்டுப் பழமையான கல் நம் ஊர் வரப்பருகே கிடக்கிறது.

அதே மாவட்டங்களில் கல்குவாரிகளும் இயங்குகின்றன. வீடும் சாலையும் கட்டக் கல் வேண்டும் என்பதை மறுக்க முடியாது. ஆனால் மரத்தை வெட்டினால் மறுபடி நடலாம். குன்றை உடைத்தால் நட முடியாது. வளரும் கல் கதையைச் சொல்லித்தரும்போது இந்த வேறுபாட்டையும் மாணவர்களுக்குச் சேர்த்துச் சொல்ல வேண்டும். கதையில் குன்று ஒரு கணத்தில் வளர்ந்துவிடும். உடைத்த குன்று நம் கண்முன் வளரப்போவதில்லை.