நிலைபேறான நகரமும் காணியின் பெறுமதியும்: சில நூல்கள் பற்றிய ஒரு நோக்கு

நகரங்களின் வளர்ச்சி பற்றிய நூல்கள் இன்று பெருந்தொகையாக வெளிவருகின்றன. புருண்ட்லாண்ட் ஆணைக்குழுவின் அறிக்கை ‘எமது பொதுவான எதிர்காலம்’ என்னும் பெயரில் 1987இல் வெளிவந்து, நகரங்களுக்கென ஒரு தனி அத்தியாயத்தையும் ஒதுக்கியதன் பின்னர், ‘நிலைபேறான நகரம்’ என்ற தொடர் திட்டமிடலாளர், பொருளியலாளர், சூழலியலாளர் ஆகிய முத்திறத்தாரிடையேயும் வழக்காயிற்று. இந்நூல்களுட் பெரும்பாலானவை நகரத்தை அளந்தறியும் கருவிகளில் ஒத்துப்போகின்றன. குடிசன அடர்த்தி, எரிபொருள் நுகர்வு, பசுமை வெளி, நீர் முகாமை என்பனவே அக்கருவிகள். இவை இன்றியமையாதன என்பதில் ஐயமில்லை. ஆயினும் இவ்வளவீடுகளுக்கு அப்பால் ஒரு வினா எஞ்சி நிற்கின்றது. ஒரு நகர்ப்பகுதி சீர்பெறுமாயின் அங்குள்ள காணியின் பெறுமதி உயர்கின்றது. அந்த உயர்வு யாரைச் சேர்கின்றது? சீர்பெறுவதற்கு முன் அங்கு வாழ்ந்தவர் சீர்பெற்ற பின்னரும் அங்கு வாழ முடிகின்றதா? இவ்வினாவை உரைகல்லாகக் கொண்டு, இத்துறையில் முக்கியம் வாய்ந்த சில நூல்களை மதிப்பிட முயல்வதே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

இவ்வாராய்ச்சி எபனேசர் ஹவார்டிலிருந்து தொடங்குவது பொருத்தமானது. இலண்டனிற் சுருக்கெழுத்தாளராகப் பணிபுரிந்த ஹவார்ட், கட்டடக் கலைஞரோ பல்கலைக்கழகத்தாரோ அல்லர். 1898இல் அவர் வெளியிட்ட நூலின் பெயர் ‘நாளை: உண்மையான சீர்திருத்தத்துக்கான ஓர் அமைதி வழி’ என்பது. 6,000 ஏக்கர் காணி. அதில் 1,000 ஏக்கரில் நகரம். சுற்றிலும் விவசாய நிலம். மொத்தம் 32,000 மக்கள் என்பது அவர் தீட்டிய திட்டம். பாடநூல்கள் பெரும்பாலும் இத்துடன் நின்றுவிடுகின்றன. வட்டவடிவான வரைபடமும் நடுவே பூங்காவும் மாணவர் மனத்திற் பதிந்துவிடுகின்றன. ஆனால் நூலின் உயிர்நிலை வேறிடத்தில் உள்ளது. விவசாய நிலத்தின் மலிந்த விலைக்குக் காணியை வாங்கி, அதனை நகரமக்களின் நன்மைக்கென நம்பிக்கைப் பொறுப்பாளரிடம் ஒப்படைத்தல் வேண்டும் என்பதும், குடிகள் செலுத்தும் வாடகையிலிருந்து கடனும் வட்டியும் தீர்க்கப்பட்டபின் எஞ்சுவது முழுவதும் பாதை, பாடசாலை, பூங்கா போன்ற பொதுத்தேவைகளுக்கே செல்லுதல் வேண்டும் என்பதும் அவர் கொள்கை. மக்கள் வந்து குடியேறுவதாலேயே காணியின் பெறுமதி உயர்கின்றது. ஆகவே அவ்வுயர்வு அம்மக்களுக்கே உரியது என்னும் எளிய நியாயமே அதன் அடிப்படை.

இந்நூலின் பதிப்பு வரலாறே ஒரு திறனாய்வாக அமைகின்றது. 1902இல் அது ‘நாளைய தோட்ட நகரங்கள்’ என்னும் புதுப்பெயருடன் மறுபடியும் வெளிவந்தது. தலைப்பிலிருந்து ‘சீர்திருத்தம்’ மறைந்தது, ‘தோட்டம்’ நுழைந்தது. காணிச் சொந்தக்காரருக்குச் செல்லும் வாடகை படிப்படியாக மறைந்தொழியும் விதத்தைக் காட்டிய வரைபடமும் புதிய பதிப்பில் இடம்பெறவில்லை. பின்வந்தோர் அவருடைய கருத்திலிருந்து எதனை எடுத்துக்கொண்டனர், எதனை விட்டுவிட்டனர் என்பதற்கு இம்மாற்றம் ஒரு முன்னறிவித்தல் போலுள்ளது. தோட்டப் புறநகர்கள் பல நாடுகளில் எழுந்தன. காணியைப் பொதுவில் வைத்திருத்தல் என்ற கருத்தோ அருகியே பின்பற்றப்பட்டது. 1903இல் தொடங்கப்பட்ட லெச்வேத் நகரின் கதை இதனை மேலும் தெளிவாக்கும். 1960இல் ஒரு தனியார் நிறுவனம் பங்குகளைத் திரட்டி அந்நகரின் காணிக்கு உரிமை பூண்டிருந்த கம்பனியைத் தன் கட்டுப்பாட்டுள் கொண்டுவந்தது. 1962இல் பாராளுமன்றம் தனிச்சட்டம் ஒன்றை இயற்றிய பின்னரே அக்காணி மீண்டும் பொது அமைப்பொன்றின் கைக்கு வந்தது. அரை நூற்றாண்டுக்கு மேலாக ஒரு நகரத்தார் வளர்த்த பெறுமதி சில பங்குகளின் கைமாற்றத்தால் பறிபோகக்கூடியதாயிருந்தது. ஹவார்ட் எதற்கு அஞ்சினாரோ அது கற்பனை அன்று என்பதற்கு இதனினும் சான்று வேண்டுவதில்லை.

ஹவார்ட் வெற்றுநிலத்திற் புதுநகர் அமைப்பது பற்றிச் சிந்தித்தார். ஏற்கெனவே மக்கள் நெருங்கி வாழும் பழைய நகரை என்செய்வது என்பதைச் சிந்தித்தவர் பற்றிக் கெடிஸ். அவருடைய ‘படிமலர்ச்சியில் நகரங்கள்’ 1915இல் வெளிவந்தது. எனினும், அவர் சென்னை மாகாணத்து ஊர்களுக்கும் பிற இந்திய நகரங்களுக்கும் எழுதிய அறிக்கைகளே அவருடைய சிந்தனையின் கூர்மையை உணர்த்துவன. அவற்றிலிருந்து தெரிந்தெடுத்த பகுதிகளை ஜாக்குலின் டிர்விட் 1947இல் தொகுத்து வெளியிட்டார். தஞ்சாவூரில் நெருக்கமான பகுதியொன்றை ஊடறுத்து நேரான அகன்ற வீதிகளை அமைக்க முன்வைக்கப்பட்ட திட்டத்தைக் கெடிஸ் மறுத்தார். பாழடைந்த சில வீடுகளை மட்டும் அகற்றி, சந்துகளை ஆங்காங்கே விரித்து, மரம் நட்டு, மக்களை அவர்களிருந்த இடத்திலேயே இருக்கவிடலாம் என்று காட்டினார். இதனை அவர் ‘பேணிக்காக்கும் அறுவைச் சிகிச்சை’ என அழைத்தார். வீடுகளை இடிப்பதால் நெருக்கம் தீர்வதில்லை. இடிக்கப்பட்ட வீட்டார் அயற்பகுதிகளிற் புகுந்து அங்கு நெருக்கத்தைப் பெருக்குகின்றனர் என்பது அவருடைய வாதம். சூழலியலை மனிதரின்றி நோக்காத பார்வை இது. ஆயினும் காணியின் விலையேற்றம் பற்றி ஹவார்டுக்கு இருந்த கவனம் கெடிசிடம் இல்லை. இடிப்பதால் வெளியேறுவோரை அவர் கண்டார். சீர்பெற்ற தெருவின் வாடகை ஏறுவதால் வெளியேறுவோர் அவருடைய பார்வைக்குள் வரவில்லை.

ஜேன் ஜேக்கப்ஸ் 1961இல் வெளியிட்ட ‘பெரும் அமெரிக்க நகரங்களின் இறப்பும் வாழ்வும்’ இத்துறையில் மிகுந்த செல்வாக்குப் பெற்ற நூல் எனலாம். பலவகைப் பயன்பாடுகள் ஓரிடத்திற் கலந்திருத்தல், தெருக்கட்டங்கள் சிறியனவாதல், பழைய கட்டடங்கள் புதியவற்றுடன் விரவியிருத்தல், போதிய அடர்த்தி என நான்கு நிபந்தனைகளை அவர் வகுத்தார். பொஸ்ரன் நகரின் வட முனைப் பகுதியைத் திட்டமிடலாளர் சேரி என்று ஒதுக்கியபோது, ஏக்கருக்கு 275 வதிவிடங்கள் கொண்ட அப்பகுதி நகரின் நலம்மிக்க பகுதிகளுள் ஒன்றாக இருந்ததை எடுத்துக்காட்டி, அடர்த்தியையும் சேரியையும் ஒன்றாகக் கருதும் மயக்கத்தை அவர் உடைத்தார். அக்காலத்துத் திட்டமிடற் கல்வியின் மீது ஒரு பத்திரிகையாளர் நிகழ்த்திய இத்தாக்குதல் இன்றும் படிப்போரை ஈர்க்கின்றது.

ஆயினும், ஹவார்டை மதிப்பிடுமிடத்து ஜேக்கப்ஸ் நியாயம் வழங்கினார் எனக் கூறுதல் கடினம். பெருநகரை வெறுத்தவர், மக்களைத் தம் வரைபடத்துள் அடக்க முயன்றவர் என்று ஹவார்டை அவர் கண்டிக்கின்றார். இக்கண்டனத்தில் உண்மை இல்லாமலில்லை. ஆனால் காணி பொதுவில் இருத்தல் என்ற கொள்கையை, ஊகவணிகத்தைத் தடுக்கும் ஏற்பாடு என்று போகிறபோக்கிற் குறிப்பிட்டு, மேலிருந்து விதிக்கப்படும் கட்டுப்பாடுகளுள் ஒன்றாகவே அதனைக் கொள்கின்றார். இதன் விளைவு அவருடைய நூலின் பிற்பகுதியிலேயே தலைகாட்டுகின்றது. ஓரிடம் வெற்றிபெற்றால் அதிக வாடகை கொடுக்கக்கூடிய தொழில்கள் அங்கு திரண்டு ஏனையவற்றை விரட்டிவிடும்; பன்மையானது தன்னைத் தானே அழித்துக்கொள்ளும் என்று நியூயோர்க்கின் மேற்கு எட்டாம் வீதியை உதாரணமாகக் கொண்டு அவரே விளக்குகின்றார். நோயை இத்துணைத் துல்லியமாகக் கண்டவர், அதற்கு விதித்த மருந்து வலயக் கட்டுப்பாடும் பொதுக்கட்டடங்களின் உறுதிப்பாடும் போன்றனவே. காணியுடைமை பற்றிய வினாவை அவர் தொடவில்லை. அவர் போற்றிய கிரீனிச் விலேஜ் பின்னாளில் நியூயோர்க்கின் விலைமிக்க குடியிருப்புப் பகுதிகளுள் ஒன்றாயிற்று. அவர் கண்ட தெருவின் உருவம் பெரிதும் எஞ்சியது. அதில் நடமாடிய கூலித்தொழிலாளர் எஞ்சவில்லை.

1989இல் வெளிவந்த நியூமன், கென்வேதி ஆகியோரின் ‘நகரங்களும் மோட்டார் வாகனச் சார்பும்’ என்னும் நூல் விவாதத்தைப் புள்ளிவிபரத் தளத்துக்குக் கொண்டுவந்தது. 32 நகரங்களை ஒப்பிட்ட அவர்கள், அமெரிக்க நகரங்களில் ஆளொருவரின் பெற்றோல் நுகர்வு ஐரோப்பிய நகரங்களிலும் ஏறத்தாழ நான்கு மடங்கு எனக் கண்டனர். அடர்த்தி குறையக் குறைய எரிபொருள் நுகர்வு ஏறும் என்பது அவர்களின் முடிபு. வருமானம், பெற்றோல் விலை முதலியவற்றுக்குப் போதிய இடமளிக்கவில்லை என்ற கண்டனம் உடனேயே எழுந்ததாயினும், ‘அடர்த்தியே பசுமை’ என்ற கருத்து அன்று முதல் வேரூன்றியது. பொருளியலாளர் எட்வேட் கிளேசர் 2011இல் வெளியிட்ட ‘நகரின் வெற்றி’ இக்கருத்தின் உச்சமாகும். பழைய தாழ்ந்த கட்டடங்களைப் பேணுவதால் வீடுகளின் தொகை மட்டுப்பட்டு வாடகை ஏறுகின்றது. உயர்ந்த கட்டடங்களை அனுமதித்தால் வாடகை தணியும் என்று அவர் ஜேக்கப்சை மறுக்கின்றார். தருக்கத்திற் பலம் உண்டு. வீடு அரிதானால் வாடகை ஏறும் என்பதை மறுப்பார் இலர். ஆனால், ஐந்து மாடி நின்ற காணியில் ஐம்பது மாடிக்கு அனுமதி கிடைக்கும் அதே கணத்தில், கல் ஒன்றும் வைக்கப்படுமுன்னரே, அக்காணியின் விலை பன்மடங்காகின்றது. அனுமதி வழங்கியது பொதுச்சபை. ஆதாயம் பெற்றது காணிச் சொந்தக்காரர். ஹவார்டின் வினா இங்கு முன்னிலும் வலுவாக எழுகின்றது. கிளேசரின் நூலில் அது மையவினாவாக அமையவில்லை.

நகரின் எல்லைக்கோட்டையே ஐயுறச் செய்த நூல் வில்லியம் ரீஸ், மத்தியாஸ் வக்கர்நாகல் ஆகியோரின் ‘எமது சூழலியல் அடிச்சுவடு’. 1996இல் வெளிவந்த இந்நூல், கனடாவின் வன்கூவர் நகரை உள்ளடக்கிய கீழ் பிரேசர் பள்ளத்தாக்கு மக்கள் தம் வாழ்க்கை முறைக்கு அப்பிரதேசத்தின் பரப்பைப் போல் ஏறத்தாழ 19 மடங்கு நிலத்தைச் சார்ந்திருக்கின்றனர் என மதிப்பிட்டது. எந்த நகரும் தன் எல்லைக்குள் நிலைபேறுடையதாக இருக்க முடியாது என்ற உண்மையை இதனினும் எளிதாக உணர்த்துதல் அரிது. எனினும், ஆளொருவருக்கு இவ்வளவு ஹெக்டேயர் என்ற சராசரி, ஒரே நகரின் மாளிகையையும் குடிசையையும் ஒரே தராசில் நிறுத்துவிடுகின்றது. நகருக்கும் கிராமத்துக்கும் இடையிலான சுரண்டலைக் காட்டும் இவ்வளவுகோல் நகருக்குள்ளே நிகழும் சுரண்டலைக் காட்டாது.

அக்குறையை நிரப்புவது மைக் டேவிஸ் 2006இல் வெளியிட்ட ‘சேரிகளின் கோள்’. ஐக்கிய நாடுகளின் மனித வாழிட நிறுவனம் 2003இல் வெளியிட்ட அறிக்கையைப் பெரிதும் ஆதாரமாகக் கொண்ட இந்நூல், அழகுபடுத்தல், அபிவிருத்தி என்னும் பெயர்களில் ஆசிய, ஆபிரிக்க, இலத்தீன் அமெரிக்க நகரங்களில் நிகழ்ந்த வெளியேற்றங்களைத் தொகுத்துரைக்கின்றது. சேரி என்பது திட்டமிடலின் தோல்வி மட்டுமன்று. காணிச் சந்தையின் இயல்பான விளைவு என்பதை டேவிஸ் நிலைநாட்டுகின்றார். குறைபாடு வேறிடத்தில் உள்ளது. அவருடைய பக்கங்களிற் சேரிவாழ் மக்கள் துன்புறுகின்றனர், எண்ணப்படுகின்றனர், ஆனால் செயற்படுவோராக அரிதாகவே தோன்றுகின்றனர். வழியொன்றையும் அந்நூல் காட்டுவதில்லை.

மேற்கூறிய நூல்களை ஒருசேர நோக்குமிடத்து ஒரு விந்தை புலப்படும். நகரின் உருவம் பற்றிய கருத்துகள் ஒரு நூற்றாண்டில் முற்றாகத் தலைகீழாயின. ஹவார்ட் கலைக்க விரும்பிய அடர்த்தியைக் கிளேசர் பெருக்க விரும்புகின்றார். ஆனால், உருவம் எதுவாயினும், சீர்பெற்ற நகர் ஏழையை வெளியே தள்ளும் வேகம் குறைந்ததாகத் தெரியவில்லை. ஆகவே உருவம் பற்றிய விவாதம் இவ்வினாவைத் தீர்க்கும் விவாதம் அன்று.

காணியைப் பொதுவுடைமையாக்கினால் எல்லாம் தீரும் என்று முடிவுகட்டுதலும் பொருந்தாது என்பதற்குக் கொழும்பே சான்று. கெடிஸ் 1921இல் அறிக்கை வரைந்த நகர் இது. இங்கு ‘தோட்டம்’ என்ற சொல்லுக்கு ஹவார்ட் அறியாத ஒரு பொருள் உண்டு. சிங்களத்தில் ‘வத்த’ என்றும் தமிழிலே தோட்டம் என்றும் வழங்குவன உழைக்கும் மக்களின் நெருக்கமான குடியிருப்புகளே. அவற்றுட் பல அரச காணிகளில் அமைந்தவை. 2010இன் பின்னர் நகர அபிவிருத்தி அதிகாரசபை அக்குடும்பங்களுட் பலவற்றை அடுக்குமாடித் தொடர்களுக்கு மாற்றி, விடுபடும் காணியை வணிக முதலீட்டுக்கு வழங்கும் திட்டத்தை நடைமுறைப்படுத்தியது. காணி அரசினது; பெறுமதியை உயர்த்தியது நகரம்; அவ்வுயர்வு எவ்வாறு பங்கிடப்பட வேண்டும் என்று தீர்மானிக்கும் இடத்தில் அங்கு வாழ்ந்தவருக்கு இருக்கை இல்லை. சதுப்பு நிலங்களின் பொருட்டு 2018இல் ராம்சார் ஈரநில நகரம் என ஏற்பிசைவு பெற்ற கொழும்பின் அருகேதான், அதற்கு முந்திய ஆண்டு சித்திரை 14இல் மீதொட்டமுல்லைக் குப்பைமேடு சரிந்து முப்பதுக்கும் மேற்பட்டோரின் உயிரைக் குடித்தது. நகரின் பசுமை ஒருசாராருக்கும் அதன் கழிவு மறுசாராருக்கும் பங்கிடப்படுமாயின், அந்நகரை நிலைபேறுடையது என்று சொல்வதற்கில்லை.

ஹவார்டின் நம்பிக்கைப் பொறுப்பும் அரசுடைமையும் ஒன்றல்ல என்பது இங்கு தெளிவாகின்றது. முன்னையதிற் காணியின் வருவாய் அக்காணியில் வாழ்வோருக்குக் கணக்குக் காட்டப்படும். பின்னையதில் அதற்கு உறுதி இல்லை. நிலைபேறான நகரம் பற்றி இனி எழுதப்படும் நூல்களிலும் அடர்த்தியும் எரிபொருளும் பசுமையும் அளக்கப்படும், அளக்கப்படவும் வேண்டும். ஆனால் சீர்திருத்தத்தின் முன் அங்கு வாழ்ந்தவருள் எத்தனை பேர் சீர்திருத்தத்தின் பின்னும் அங்கு வாழ்கின்றனர் என்ற கணக்கு எந்நூலில் இல்லையோ, அந்நூல் கட்டடங்களின் நிலைபேறு பற்றிப் பேசியதாகுமேயன்றி நகரத்தின் நிலைபேறு பற்றிப் பேசியதாகாது.