பத்து ரூபாயும் பாதரசமும்

மதுபாட்டிலின் விலையோடு பத்து ரூபாய் கூட்டி வாங்குவது, காலி பாட்டிலைத் திருப்பித் தந்தால் அந்தப் பத்து ரூபாயைக் கொடுத்துவிடுவது. 2022 மே மாதம் நீலகிரி மாவட்டத்து டாஸ்மாக் கடைகளில் தொடங்கிய ஏற்பாடு இவ்வளவுதான். காட்டில் உடைந்து கிடக்கும் கண்ணாடி யானைகளின் காலைக் குத்துகிறது என்பதால் சென்னை உயர் நீதிமன்றம் விடாமல் கேட்ட கேள்விகளிலிருந்து பிறந்தது அது. பிறகு பெரம்பலூர், கோவை என்று மற்ற மாவட்டங்களுக்கும் பரவியது. சுழற்சிப் பொருளாதாரம் பற்றித் தமிழில் எத்தனையோ கருத்தரங்குகள் நடந்துவிட்டன. அவை எல்லாவற்றையும்விட இந்தப் பத்து ரூபாய் தெளிவாகப் பேசுகிறது. குடிப்பவரிடம் யாரும் சூழலியல் போதிக்கவில்லை. பாட்டிலுக்கு ஒரு விலை வைத்தார்கள், அது திரும்பி வந்தது.

ஒரு பொருளின் வாழ்வு குப்பைமேட்டில் முடியக்கூடாது, அது இன்னோர் ஆலைக்கு மூலப்பொருளாகப் போய்ச் சேரவேண்டும் என்பதே இந்தப் பொருளாதாரத்தின் அடிப்படை. 2010-இல் இங்கிலாந்தில் தொடங்கிய எலன் மெக்கார்தர் அறக்கட்டளை இதைப் பெருநிறுவனங்களின் அரங்குகளுக்குக் கொண்டுபோனது. 2015-இல் ஐரோப்பிய ஒன்றியம் இதற்கெனச் செயல்திட்டமே வகுத்தது. இந்தியாவில் 2016-இன் பிளாஸ்டிக் கழிவு விதிகளும், 2022-இல் அவற்றில் செய்த திருத்தங்களும் உற்பத்தியாளரைப் பொறுப்பாளி ஆக்கின. பேச்சு இப்படி வளர்ந்த காலத்தில் நடப்பு வேறாக இருந்தது. உலகம் பயன்படுத்தும் மொத்தப் பொருளில் மறுசுழற்சியிலிருந்து வருவது 2018-இல் 9.1 சதவீதம் என்று மதிப்பிட்ட அதே ஆய்வு வரிசை, 2023-இல் அதை 7.2 சதவீதம் என்றது. மறுசுழற்சி குறைந்துவிட்டது என்று இதற்குப் பொருளில்லை. புதிதாகத் தோண்டி எடுப்பது அதைவிட வேகமாகக் கூடுகிறது.

பழனி மலையின் வடக்கு அடிவாரத்தில் இருக்கும் ஆயக்குடிக்கு வந்தால் இந்த எண்ணத்தின் பழைய வடிவத்தைப் பார்க்கலாம். கொய்யாவுக்குப் பேர்போன ஊர். சந்தையில் விலை சரியும் நாள்களில் கழித்த பழம் மாட்டுக்குப் போகும், மாட்டுச் சாணம் தோப்புக்கு வரும். பழம் ஏற்றிப்போகும் பிளாஸ்டிக் கிரேடும் திரும்பி வந்துவிடும். அதற்குச் சொந்தக்காரர் உண்டு, எண்ணிக்கை உண்டு, குறைந்தால் கணக்கில் பிடித்துக்கொள்வார்கள். அதே லாரியில் போகும் பிளாஸ்டிக் பை மட்டும் ஒருநாளும் திரும்பாது. இரண்டும் பிளாஸ்டிக்தான். வேறுபாடு கேட்பார் இருப்பதிலும் இல்லாததிலும் இருக்கிறது.

ஆனால் கேட்பார் இருந்து, விலையும் இருந்தால் எல்லாம் சரியாகிவிடுமா? இல்லை என்பதற்கான சான்று இதே மலையின் உச்சியில் இருக்கிறது.

அமெரிக்காவின் நியூயார்க் மாநிலத்தில் வாட்டர்டவுன் என்ற ஊரில் ஓடிக்கொண்டிருந்த வெப்பமானி ஆலையின் இயந்திரங்களை 1980-களின் தொடக்கத்தில் கழற்றிக் கொண்டுவந்து கொடைக்கானலில் நிறுவியது பாண்ட்ஸ் நிறுவனம். சில ஆண்டுகளில் அது யூனிலீவர் குழுமத்தின் கைக்கு மாறியது. பழைய இயந்திரத்தை வீணாக்காமல் இன்னோர் இடத்தில் ஓடவிடுவது சுழற்சிப் பொருளாதாரத்தின் முதல்தரமான நற்செயல் என்று பாடநூல்கள் சொல்லும். இங்கே இயந்திரத்தோடு சேர்ந்து ஆபத்தும் இடம்பெயர்ந்தது. பாதரசம் வெளிநாட்டிலிருந்து வந்தது, வெப்பமானிகள் வெளிநாட்டுக்குப் போயின. உடைந்த கண்ணாடி மட்டும் இங்கே தங்கியது.

2001 மார்ச்சில், மூஞ்சிக்கல் பகுதியில் ஒரு பழைய பொருள் கடையில் பாதரசம் ஒட்டிய கண்ணாடிக் கழிவு கிடப்பதை ஊர்மக்களும் பழனி மலைப் பாதுகாப்புக்காக இயங்கிய அமைப்பும் கிரீன்பீஸும் வெளிக்கொண்டு வந்தார்கள். ஏழு டன்னுக்கும் மேல் இருந்தது. அந்த மாதமே ஆலை நின்றது.

அந்தக் கண்ணாடி அங்கே எப்படி வந்தது என்பதுதான் நம் பொருளுக்கு முக்கியம். யாரும் அதை இரவோடு இரவாகப் பள்ளத்தில் கொட்டவில்லை. பழைய பொருள் வியாபாரத்தின் வழக்கமான பாதையில் அது போயிருந்தது. ஆலைக்கு வேண்டாத கண்ணாடி கடைக்காரருக்குச் சரக்கு. அவரிடமிருந்து உருக்குபவருக்கு மூலப்பொருள். காகிதத்தில் பார்த்தால் பழுதில்லாத மறுசுழற்சி. எத்தனை சதவீதக் கழிவு குப்பைமேட்டுக்குப் போகாமல் மீட்கப்பட்டது என்று மட்டும் எண்ணும் இன்றைய அளவுகோல்கள் இதற்கும் மதிப்பெண் போட்டிருக்கும். பாதரசமோ சாதாரண வெப்பத்திலேயே ஆவியாகும், நரம்பையும் சிறுநீரகத்தையும் தாக்கும். சாக்கில் அள்ளியவருக்கு அது வெறும் கண்ணாடி.

2003-இல் ஏறத்தாழ 290 டன் பாதரசக் கழிவு, பாதரசத்தைப் பிரித்தெடுப்பதற்காக அமெரிக்காவுக்கே கப்பலேறியது. செல்வ நாடுகளின் குப்பை ஏழை நாடுகளின் துறைமுகங்களுக்கு வருவதையே பார்த்துப் பழகிய நமக்கு இது அபூர்வமான வெற்றி. மக்கள் போராடி வாங்கிய வெற்றி. அதே ஆலையின் முன்னாள் தொழிலாளர்கள் 591 பேருடன் நிறுவனம் உடன்பாட்டுக்கு வந்தது 2016-இல். சரக்கு திரும்பிப் போக இரண்டாண்டு, மனிதருக்குப் பதினைந்தாண்டு. ஆலை மண்ணில் கிலோவுக்கு எத்தனை மில்லிகிராம் பாதரசத்தை விட்டுவைக்கலாம் என்ற வாதம் அதற்குப் பிறகும் ஓயவில்லை. ஆலையை ஒட்டிய பாம்பார் சோலையின் நீர் தெற்கே கும்பக்கரைப் பக்கம் இறங்குகிறது. ஆயக்குடி தப்பியது மலைக்கு வடக்கே, இந்தப் பக்கம் இருப்பதால்; அது நிலவியல் தந்த தற்செயல், அவ்வளவே.

இந்தப் பக்கத்து இளைஞர்கள் வேலைக்குப் போகும் திருப்பூரின் கதை இன்னும் சிக்கலானது. நொய்யல் நீரைத் தேக்கி 1992-இல் பாசனத்துக்கு வந்த ஒரத்துப்பாளையம் அணை, சில ஆண்டுகளில் சாயக்கழிவின் குளமானது. அணையைத் திறக்காதீர்கள் என்று விவசாயிகளே மன்றாடினார்கள். 2011 ஜனவரியில் சென்னை உயர் நீதிமன்றம் நூற்றுக்கணக்கான சாயப்பட்டறைகளை மூடச் சொன்னது. ஒரு சொட்டுக் கழிவுநீரும் வெளியேறாத முறைக்கு மாறினால்தான் திறக்கலாம் என்பது நிபந்தனை. இன்று திருப்பூரின் பொதுச் சுத்திகரிப்பு நிலையங்கள் சாயநீரை வடிகட்டி, எதிர்ச் சவ்வூடு பரவலில் செலுத்தி, மிஞ்சியதைக் காய்ச்சி, தண்ணீரில் பெரும்பகுதியையும் உப்பில் ஒரு பகுதியையும் மறுபடி பட்டறைக்கே அனுப்புகின்றன. உலகின் எந்த ஜவுளி நகரத்துக்கும் எடுத்துக்காட்டாகச் சொல்லத்தக்க சாதனை இது. தொழில்முனைவோர் தாமாக விரும்பிச் செய்தது என்று இப்போது மேடைகளில் பேசப்படுவதில் எனக்கு உடன்பாடு இல்லை. விவசாயிகளின் வழக்கும் நீதிமன்றத்தின் பூட்டும் இல்லாமல் அது நடந்திராது.

அந்த வட்டமும் முழுமையாக மூடவில்லை. பிரிக்கமுடியாத கலப்பு உப்பு மூட்டைமூட்டையாகக் கிடங்குகளில் சேர்கிறது. நீரைக் காய்ச்ச எரிபொருள் வேண்டும். ஆற்றுக்குப் போகவிருந்த கேட்டில் ஒரு பங்கு புகையாக வானுக்குப் போகிறது. செலவு தாங்காமல் மூடிய சிறு பட்டறைகள் உண்டு. சில வேறு மாவட்டங்களுக்கு இடம்பெயர்ந்து அங்கே சாயநீரைத் திறந்துவிட்டன. ஓர் ஊரில் மட்டும் விதியை இறுக்கினால் கழிவு விதி தளர்ந்த ஊரைத் தேடிப்போகும்.

பனியன் வெட்டும்போது விழும் துண்டுத்துணியின் பயணம் இதைவிட ஆறுதலானது. நிறம்வாரியாகப் பிரித்து, பஞ்சாக்கி, ஓப்பன் எண்ட் நூற்பு மில்களில் மறுபடி நூலாக்குகிறார்கள். நிறம் ஏற்கெனவே இருப்பதால் மறுபடி சாயம் தேவையில்லை, அதற்கான தண்ணீரும் மிச்சம். குறை, இழையின் நீளத்தில். ஒவ்வொரு முறை கிழிக்கும்போதும் இழை குட்டையாகும். அதனால் வருவது தடித்த நூல், போர்வைக்கும் கால்மிதிக்கும் ஆகும், மெல்லிய சட்டைக்கு ஆகாது. வலுவுக்காகப் பாலியெஸ்டர் சேர்த்துவிட்டால் அடுத்த முறை அதைப் பிரிப்பது பெரும்பாடு. 2023 பிப்ரவரியில் பிரதமர் நாடாளுமன்றத்துக்கு அணிந்துவந்த நீலநிற மேல்சட்டை, கரூர் நிறுவனம் ஒன்று பிளாஸ்டிக் பாட்டில்களிலிருந்து செய்த துணி. அதைக் கரூரின் திறமை என்று மனமாரப் பாராட்டலாம். ஆனால் பாட்டில் சட்டையாகலாம், அந்தச் சட்டை மறுபடி பாட்டிலாவது எளிதல்ல. குப்பைக்குப் போவதைச் சில ஆண்டுகள் தள்ளிப்போட்டிருக்கிறோம். அதை முடிவில்லாச் சுழற்சி என்று விளம்பரம் செய்வது வாங்குபவரை ஏமாற்றுவது.

ஏமாற்று விளம்பரத்தோடு நிற்கவில்லை. தான் சந்தையில் விட்ட பிளாஸ்டிக்குக்கு ஈடாக மறுசுழற்சியாளரிடம் சான்றிதழ் வாங்கிக் கணக்குக் காட்டலாம் என்று உற்பத்தியாளருக்கு 2022-இன் திருத்த விதி இடம் தந்தது. விரைவிலேயே, குஜராத், மகாராஷ்டிரம், கர்நாடகத்தில் சில மறுசுழற்சி நிறுவனங்கள் ஆறு லட்சம் போலிச் சான்றிதழ்கள் உருவாக்கியிருந்ததை மத்திய மாசுக் கட்டுப்பாட்டு வாரியமே 2023-இல் கண்டுபிடித்தது. பொருள் நகரவில்லை, காகிதம் மட்டும் சுழன்றது.

டாஸ்மாக்கின் பத்து ரூபாயை நான் உயர்த்திப் பிடிப்பது இதனால்தான். அங்கே பாட்டில் கைக்கு வராமல் கணக்கு முடியாது. கண்ணாடிக்குள் என்ன இருந்தது என்பதும் எல்லோருக்கும் தெரியும். அதிலும் குறை இருக்கிறது: ஸ்டிக்கர் ஒட்டுவதும், திரும்பியதை எண்ணி அடுக்குவதும் கடை ஊழியர் தலையில் விழுந்தன. இடமில்லை, ஆளில்லை என்று அவர்களின் சங்கங்கள் போராடியது நியாயம். யாரும் வந்து கேட்காத பத்து ரூபாய்கள் சேரும் தொகையை அந்த உழைப்புக்கே கொடுக்கலாம்.

கொடைக்கானலில் பிளாஸ்டிக் பாட்டிலுக்கு எடுத்த வழி வேறு. ஐந்து லிட்டருக்குக் குறைந்த குடிநீர், குளிர்பான பாட்டில்களுக்குத் தடை. மீறிக் கொண்டுவந்தால் பாட்டிலுக்கு இருபது ரூபாய் பசுமை வரி என்று 2024-இல் அறிவித்தார்கள். தொகை இருமடங்கு, ஆனால் வேலை செய்வது பாதி. கட்டிய பணம் திரும்பாது என்று தெரிந்தபின் பாட்டிலைக் காட்டில் வீச யாருக்கும் தயக்கம் வராது. வரி கட்டியாயிற்றே என்ற உரிமைகூட வந்துவிடும். அந்த இருபதில் பத்தையாவது, மலையிறங்கும்போது காலி பாட்டிலைக் காட்டுபவருக்குத் திருப்பித் தரவேண்டும்.

இதே முறையைச் சோதித்துப் பார்க்கத் தைப்பூசத்தைவிடக் கடினமான களம் கிடையாது. ஒட்டன்சத்திரம், விருப்பாச்சி, சத்திரப்பட்டி, ஆயக்குடி வழியாகப் பழனிக்கு நடக்கும் கூட்டம், வாங்கிய கடைக்கு மறுபடி வருவதே இல்லை. விருப்பாச்சியில் வாங்கிய பாட்டிலை ஆயக்குடியில் கொடுத்தாலும் பணம் கிடைக்கவேண்டும். ஜெர்மனியில் 2003 முதல் ஒருமுறைப் பாட்டிலுக்கும் டின்னுக்கும் 25 சென்ட் வைப்புத்தொகை நடைமுறையில் இருக்கிறது. எந்த ஊர்க் கடையில் வாங்கியதையும் வேறோர் ஊரில் தரலாம், கணக்கைத் தயாரிப்பாளர்களும் கடைக்காரர்களும் தங்களுக்குள் தீர்த்துக்கொள்கிறார்கள். இங்கே அதற்குத் தண்ணீர் நிறுவனங்கள் பணம் கட்டவேண்டும், பேரூராட்சி சாலையோரம் இடம் தரவேண்டும், இப்போது சாக்கோடு பின்னால் நடந்து பொறுக்குபவர்களைக் கூலியும் கையுறையும் தந்து அந்த இடங்களில் அமர்த்தவேண்டும். ஊர் ஊராகப் போய்விடும் பஞ்சாமிர்த டப்பாவுக்கு இந்த வழி உதவாது. அதற்கு டப்பாவையே மாற்றியாக வேண்டும், அதை முடிவு செய்யவேண்டியது கோயில் நிர்வாகம்.