வில்லின் மகன், வில்சனின் மகள்

விருதுநகர், சிவகாசி, சாத்தூர் வட்டாரத்துப் பள்ளி வருகைப் பதிவேடுகளில் சில பெயர்கள் திரும்பத் திரும்ப வரும். வில்சன், நெல்சன், ஜான்சன், ஜாக்சன், லிங்கன், கென்னடி. கிறித்தவக் குடும்பங்களில் மட்டும் என்றில்லை. குலதெய்வம் கோயிலில் மொட்டை போட்டுக் காது குத்திய பிள்ளைக்கும் கென்னடி என்று பெயர் உண்டு. எல்லாம் ஆண்பிள்ளைகளின் பெயர்கள். எல்லாமே தாம் பிறந்த நாட்டில் குடும்பப் பெயர்கள். அங்கே ஒரு பரம்பரையைச் சுட்டியது இங்கே ஒரு பையனைக் கூப்பிடும் பெயராகிவிட்டது. இந்த இடமாற்றத்தில் பெண்கள் எங்கே இருக்கிறார்கள் என்பதே என் கேள்வி.

வில்சனில் இருந்து தொடங்கலாம். 1066இல் நார்மன்கள் இங்கிலாந்தைப் பிடித்தபோது அவர்களோடு பரவிய பெயர் வில்லியம். விருப்பம், தலைக்கவசம் என்று பொருள்படும் இரண்டு பழைய ஜெர்மானியச் சொற்களின் சேர்க்கை. செல்லமாகச் சுருக்கினால் வில். வில்லின் மகன் வில்சன். ஒரு தலைமுறைக்கு இது உண்மையான விவரம்தான். 12ஆம் நூற்றாண்டு தொடங்கி 15ஆம் நூற்றாண்டுக்குள் இத்தகைய அடையாளங்கள் படிப்படியாகப் பரம்பரைப் பெயர்களாக உறைந்தபோது, வில்லைப் பார்த்தே இராத கொள்ளுப்பேரனும் வில்சன் ஆனான். அவனுடைய தங்கையும் வில்சன் ஆனாள். பெண்ணாகப் பிறந்து, 'இன்னாருடைய மகன்' என்ற பெயரைச் சுமந்து, கல்யாணம் ஆனதும் இன்னொருவருடைய மகனின் பெயருக்கு மாறுவது ஆங்கிலப் பெண்களுக்குப் பல நூற்றாண்டு வழக்கம். ஐஸ்லாந்தில் மட்டும் மகன் வேறு, மகள் வேறு என்று இன்றும் பெயர் பிரிகிறது. 1980இல் அங்கே அதிபராகத் தேர்ந்தெடுக்கப்பட்ட விக்டிஸின் பெயரில் 'ஃபின்போகியின் மகள்' என்றே இருக்கிறது. அங்கும் பெரும்பாலும் தந்தையின் பெயர்தான். ஆனால் மகள் என்ற சொல்லாவது மிஞ்சியது.

'மகன்' என்று முடியும் ஆங்கிலப் பெயர்கள் எல்லாம் தந்தையைச் சொல்லவில்லை என்பது இதில் கவனிக்க வேண்டியது. இபட்சன் என்பது இசபெல்லின் மகன். டில்லட்சன் என்பது மெட்டில்டாவின் மகன். நெல்சன் பெரும்பாலும் நீல் என்ற ஆணின் மகன். சில குடும்பங்களில் நெல், அதாவது எலினோர் என்ற பெண்ணின் மகனாகவும் இருக்கலாம் என்பது பெயராய்வாளர்கள் சொல்வது. கைம்பெண்ணாகக் குடும்பம் நடத்தியவள், தனியாகப் பிள்ளை வளர்த்தவள், ஊரில் கணவனைவிடப் பெயர் பெற்றவள் என்று ஒவ்வொரு பெயருக்குப் பின்னாலும் ஒருத்தி இருந்திருக்க வேண்டும். ஊர் அவளைக் கொண்டுதான் பிள்ளையை அடையாளம் சொன்னது. அந்தப் பெயர்களைச் சுமக்கும் பிள்ளைகளுக்குத் தாங்கள் ஒரு பெண்ணின் வழி வந்தவர்கள் என்பது பெரும்பாலும் தெரியாது.

தமிழுக்கு இது புதிதில்லை. தந்தை பெயரும் மகன் பெயரும் சேரும்போது எழுத்து எப்படித் திரியும் என்று தொல்காப்பியம் எழுத்ததிகாரத்தில், புள்ளிமயங்கியலில் விதி இருக்கிறது. சாத்தன் மகன் கொற்றன், சாத்தங்கொற்றன். உரையாசிரியர்கள் காட்டும் இந்த எடுத்துக்காட்டு, நம் இலக்கணத்தில் இருக்கும் ஒரு வில்சன்தான். ஆதனின் தந்தை ஆந்தை, பூதனின் தந்தை பூந்தை என்று மகனை வைத்துத் தந்தையைச் சொல்லவும் விதி உண்டு. தந்தைக்கும் மகனுக்கும் இடையே இப்படி இருபக்கமும் போய்வரும் பெயர் விதி, தாய்க்கும் மகளுக்கும் இடையே இல்லை. சங்கப் புலவர்களில் ஒருவரைப் 'பெருங்கோழி நாய்கன் மகள் நக்கண்ணையார்' என்று தந்தையைச் சொல்லித்தான் அறிமுகப்படுத்துகிறார்கள். அவருக்காவது சொந்தப் பெயர் கிடைத்தது. புறநானூற்றில் 246ஆம் பாட்டைப் பாடியவர் 'பூதப்பாண்டியன் தேவி பெருங்கோப்பெண்டு'. அது பெயர் அன்று, பதவி. 112ஆம் பாட்டைப் பாடியவர்கள் 'பாரி மகளிர்'. தந்தையும் குன்றும் போனபின் அவர்கள் பாடிய பாட்டு இரண்டாயிரம் ஆண்டாக நிற்கிறது. பாடியவர்களின் பெயர் பாட்டோடு வரவில்லை. அங்கவை, சங்கவை என்பவை பிற்கால மரபு வைத்த பெயர்கள். ஒவ்வோர் ஆண்டும் வகுப்பில் இந்தப் பாட்டை நடத்தும்போது, பாடியவர் பெயரைக் கரும்பலகையில் எழுத வேண்டிய இடத்தில் ஒரு தகப்பன் பெயரைத்தான் எழுதுகிறேன்.

ஆங்கிலக் குடும்பப் பெயர் தென்தமிழ்நாட்டில் பையன்களின் பெயரானதற்குப் பெரிய காரணம் மிஷனரிகள். வெள்ளைக்காரப் பாதிரியாரை மக்கள் குடும்பப் பெயரால்தான் அறிந்தார்கள்: கால்டுவெல் ஐயர், போப்பையர். ராபர்ட் என்பதோ ஜார்ஜ் என்பதோ வாயில் நிற்கவில்லை. பரம்பரைப் பெயர் என்ற ஏற்பாடே இல்லாத நமக்கு, கால்டுவெல் ஒரு ஆளின் பெயர். ஆகவே பிள்ளைக்கு வைத்தார்கள். அதன் பொருள் குளிர்ந்த ஊற்று என்று தெரிந்து வைத்தவர்கள் எத்தனை பேர்? மிஷன் பெண்களின் பெயர்கள் இங்கே வேறு விதமாக வந்தன. இடையன்குடியில் பெண்பிள்ளைகளுக்குப் பள்ளி நடத்தி, லேஸ் பின்னல் கற்றுக்கொடுத்த கால்டுவெல்லின் மனைவி எலிசா, பிறப்பால் மால்ட் குடும்பம். பெண்குழந்தைகளுக்கு எலிசா என்று வைத்தார்கள். மால்ட் என்று வைக்கவில்லை. டோனாவூரின் ஏமி கார்மைக்கேல், ஏமியாக மட்டுமே பெண்களிடம் வந்தார். ஆணின் பெயர் குலத்தோடு வந்தது. பெண்ணின் பெயர் தனியாக வந்து, அவளைப் போலவே வீட்டுக்குள் தங்கியது.

குடும்பப் பெயரை முதற்பெயராக வைக்கும் பழக்கம் இங்கிலாந்திலும் இருந்தது. அதற்கு வேர் பெரும்பாலும் தாய். அரசியாக ஒன்பது நாள் இருந்த ஜேன் கிரேயின் கணவன் பெயர் கில்ஃபோர்ட் டட்லி. 1554இல் தலை துண்டிக்கப்பட்டவன். டட்லி தகப்பன் குடும்பம். கில்ஃபோர்ட் அவன் தாய் ஜேன் கில்ஃபோர்டின் பிறந்த வீட்டுப் பெயர். அமெரிக்க அதிபர் உட்ரோ வில்சனின் உட்ரோவும் தாய்வீட்டுப் பெயர்தான். நமக்கு இன்னும் நெருக்கமான ஒருவர் இருக்கிறார். திருக்குறளை 1886இல் ஆங்கிலத்தில் தந்த ஜி.யு. போப். பள்ளிப் பாடநூலில் இருந்து கடற்கரைச் சிலை வரை இந்தப் பெயரை நாம் ஆயிரம் முறை சொல்லியிருப்போம். நடுவில் இருக்கும் 'யு' என்ன? அக்லோ. அவருடைய தாய் கேத்தரின் அக்லோ பிறந்த வீட்டின் பெயர். தமிழ்நாட்டில் அதிகம் உச்சரிக்கப்பட்ட ஆங்கிலத் தலைப்பெழுத்துகளில் ஒன்று ஒரு தாயினுடையது. நாம்தான் கேட்டதில்லை.

இதைக் கேட்டு உடனே மகிழ்ந்துவிட முடியாது. கில்ஃபோர்ட், உட்ரோ, அக்லோ மூன்றும் தாயின் வழியாக வந்தவை. ஆனால் தாயினுடைய பெயர்கள் அல்ல. அவை தாயின் தகப்பனுடைய பெயர்கள். அங்கே ஒரு பெண் தன் பிள்ளைக்குக் கொடுக்கக்கூடிய குடும்பப் பெயர் அப்பாவிடம் இருந்து வாங்கியது அல்லது கணவனிடம் இருந்து வாங்கியது. அதையும் பெரும்பாலும் மகனிடம்தான் சேர்த்தாள், அவன்தான் அதை வெளியே கொண்டுபோவான் என்பதால்.

பெண்ணுக்கு அப்படிப் பெயர் வந்த கதையும் உண்டு. ஷெர்லி என்று நம் ஊரில் எத்தனையோ பெண்கள் இருக்கிறார்கள். அதுவும் ஓர் ஊர்ப்பெயர், பிறகு குடும்பப் பெயர், பிறகு ஆண்களின் பெயர். 1849இல் சார்லட் பிராண்டி எழுதிய 'ஷெர்லி' நாவலில்தான் ஒரு கதாநாயகிக்கு அது வந்தது. மகன் பிறப்பான் என்று பெற்றோர் வைத்திருந்த பெயர். மகள் பிறந்ததால் அவளுக்கு. அந்த நாவலுக்குப் பிறகு ஷெர்லி பெண்களின் பெயராகிப்போனது. நம் கிராமங்களில் போதும்பொண்ணு, வேண்டாம்பொண்ணு என்று பெயர் வைத்ததும் அதே ஏமாற்றத்தில்தான். ஒன்று நாகரிகமாகக் காதில் விழுகிறது, மற்றதை வகுப்பில் கூப்பிட்டால் சிரிப்பு வருகிறது. இரண்டு பெயர்களிலும் வராத மகன்தான் இருக்கிறான்.

இனி வில்சனின் மகளிடம் வருவோம். நம் ஏற்பாட்டில் தகப்பன் பெயர் தலைப்பெழுத்தாகும். தமிழ்நாடு அரசு 2021 டிசம்பரில் தலைப்பெழுத்தையும் தமிழிலேயே எழுத வேண்டும் என்று ஆணையிட்ட பிறகு டபிள்யூ போய் 'வி' வந்திருக்கும். வி. மேரி என்று வைத்துக்கொள்வோம். வில்லின் மகனின் மகள். கல்யாணத்தன்று அந்த எழுத்தும் போகும். சிவகாசியில் அச்சான அழைப்பிதழில் அவள் அம்மா 'மிஸ்டர் அண்ட் மிஸஸ் வில்சன்' என்பதில் பாதியாக இருப்பாள். மறுநாளில் இருந்து மேரிக்கும் வேறொரு மிஸஸ். அலுவலகப் படிவங்களின் மொழியில் சொன்னால் 'த/பெ' போய் 'க/பெ' வரும். தந்தை பெயருக்கும் கணவர் பெயருக்கும் நம் வழக்கில் சுருக்கக்குறி இருக்கிறது. தாய் பெயருக்கு ஒரு சுருக்கக்குறிகூட நிலைபெறவில்லை. ஆண் சாகும்வரை த/பெ.

கந்தக பூமியில் இது வெறும் சொல்லாராய்ச்சி இல்லை. குச்சி அடுக்க, திரி கிள்ள, சரம் பின்ன, லேபிள் ஒட்ட இங்கே போவது பெரும்பாலும் பெண்கள். 2012 செப்டம்பர் 5 முதலிப்பட்டியில் முப்பதுக்கும் மேற்பட்டோர் இறந்தார்கள். 2021 பிப்ரவரி 12 அச்சங்குளத்தில் இருபதுக்கும் மேற்பட்டோர். ஒவ்வொரு விபத்துக்கும் மறுநாள் செய்தித்தாளில் ஒரு பட்டியல் வரும். அதில் ஆண்கள் தங்கள் பெயரோடு இருப்பார்கள். பெண்கள் 'இன்னார் மனைவி' என்று இருப்பார்கள். உயிரோடு இருக்கும்போது அவள் பள்ளிச் சான்றிதழில் தகப்பனின் எழுத்தோடும், ஆதாரில் கணவனின் எழுத்தோடும், கூலிப் பதிவேட்டில் எழுத்தே இல்லாமலும் இருந்திருப்பாள். இழப்பீட்டுக்கு வாரிசுச் சான்று கேட்கும்போது, இந்த மூன்று பேரும் ஒரே பெண்தான் என்று அவள் பிள்ளைகள் நிரூபிக்க வேண்டும். தகப்பன் இறந்திருந்தால் அந்த வேலை இல்லை. அவர் பெயர் எல்லாத் தாளிலும் ஒன்று.

விருதுநகரின் மிகப் பெரிய பெயரையே எடுத்துக்கொள்வோம். கு. காமராஜ். 'கு' என்பது குமாரசாமி. மகன் சிறுவனாக இருக்கும்போதே இறந்துபோன தந்தை. வளர்த்தவர் சிவகாமி அம்மாள். குலதெய்வம் காமாட்சியின் பெயர்தான் பிள்ளைக்கு முதலில் வைக்கப்பட்டது; அது காமராஜ் ஆனது. ஒரு தெய்வப் பெண் பெயருக்குள் இருக்கிறாள், பெற்ற பெண் தலைப்பெழுத்துக்கு வெளியே இருக்கிறாள்.

ஆனாலும் நம்மிடம் இருப்பது இங்கிலாந்திடம் இல்லாத ஒரு வசதி. 1929இல் செங்கல்பட்டு சுயமரியாதை மாநாடு சாதிப் பட்டங்களைப் பெயரில் இருந்து நீக்கச் சொன்னது. கடைப்பலகைகளில் பட்டங்கள் இன்னும் தொங்கினாலும் பள்ளிப் பதிவேட்டில் பெரும்பாலும் உதிர்ந்துவிட்டன. பரம்பரைப் பெயர் இல்லாத இடத்தில் தலைப்பெழுத்து ஒரு தனி ஆளின் சொந்தப் பெயரைக் குறிக்கிறது. கேத்தரின் தன் மகனுக்குக் கொடுத்தது அக்லோ என்ற தகப்பன் குடும்பத்தை. தன்னுடைய 'கேத்தரின்' அவன் பெயரில் எங்கும் இல்லை. இங்கே மேரி என்ற பெண் தன் பிள்ளைக்கு 'மே' என்று கொடுத்தால் அது அவளையே குறிக்கும். அவள் அப்பாவை அன்று, கணவனை அன்று. அந்தப் பெயரையும் அவள் அப்பாதானே வைத்தார் என்று மாணவிகள் கேட்பதுண்டு. வைத்தவர் யாராக இருந்தாலும், அந்தப் பெயரைக் கூப்பிட்டால் திரும்பிப் பார்ப்பவள் அவள் ஒருத்தி.

சட்டம் மெல்ல நகர்ந்திருக்கிறது. கீதா ஹரிஹரன் வழக்கில் 1999இல் உச்ச நீதிமன்றம், தந்தை உயிரோடு இருக்கும்போதும் தாய் இயற்கைக் காப்பாளராகச் செயல்படலாம் என்று வழி திறந்தது. 2016 டிசம்பரில் இருந்து கடவுச்சீட்டுக்குப் பெற்றோரில் ஒருவர் பெயர் போதும். வழக்கம்தான் நகரவில்லை. தாயின் எழுத்தைப் போட்டால் அப்பா யார் என்று தெரியாதவள் என்பார்கள் என்ற பயம், பெண்களிடமே இருக்கிறது. அந்தப் பயத்துக்கு எளிய மருந்து, தகப்பன் பக்கத்தில் இருக்கும் வீடுகளும் அதைச் செய்வது. கைவிடப்பட்டவளும் கைம்பெண்ணும் மட்டும் செய்தால் அது அடையாளக் குறி ஆகிவிடும். எல்லோரும் செய்தால் வெறும் எழுத்து.

ஆகவே பிள்ளைக்கு வில்சன் என்று பெயர் வைப்பதில் எனக்கு வழக்கு ஒன்றும் இல்லை. அழகான, வாயில் நிற்கும் பெயர். ஜூன் மாதம் சேர்க்கைப் படிவம் நிரப்பும்போது, அந்தப் பெயருக்கு முன்னால் உள்ள சின்னக் கட்டத்தில் இரண்டு எழுத்துக்கு இடம் இருக்கிறது. வில்சனின் மகளுக்கும் அதே அளவு கட்டம்தான்.