கண்டுகொண்டேன் கண்டுகொண்டேன்: ஆஸ்டின் புதினமும் தமிழ்த் தழுவலும்

ராஜீவ் மேனன் இயக்கத்தில் 2000-ஆம் ஆண்டு வெளிவந்த ‘கண்டுகொண்டேன் கண்டுகொண்டேன்’, ஆங்கில எழுத்தாளர் ஜேன் ஆஸ்டினின் ‘சென்ஸ் அண்ட் சென்சிபிலிட்டி’ (1811) என்னும் புதினத்தைத் தழுவிய தமிழ்த் திரைப்படம் ஆகும். வசனத்தை சுஜாதா எழுதினார். இசை ஏ. ஆர். ரகுமான். புதினத்தின் தலைப்பை ‘அறிவும் உணர்வும்’ என்று ஏறத்தாழத் தமிழாக்கலாம். அறிவின் வழி நடக்கும் அக்காள் எலினோர் படத்தில் சௌம்யா (தபு) ஆகிறாள். உணர்ச்சியின் வழி நடக்கும் தங்கை மரியான் மீனாட்சி (ஐஸ்வர்யா ராய்) ஆகிறாள். எட்வர்டின் இடத்தில் திரைப்பட இயக்குநராக முயலும் மனோகரும் (அஜித்குமார்), வில்லோபியின் இடத்தில் நிதி நிறுவனம் நடத்தும் ஸ்ரீகாந்தும் (அப்பாஸ்), கர்னல் பிராண்டனின் இடத்தில் மேஜர் பாலாவும் (மம்மூட்டி) வருகின்றனர்.

கதை தொடங்கும் காரைக்குடி வட்டாரம் இன்று சிவகங்கை மாவட்டத்தில் இருக்கிறது. 1985 வரை அது பழைய இராமநாதபுரம் மாவட்டத்தின் ஒரு பகுதி. இங்கிலாந்தின் சசெக்ஸ் பகுதியிலுள்ள பண்ணை வீட்டுக் கதைக்கு, முற்றமும் தூண்களும் கொண்ட அவ்வட்டாரத்துப் பெரிய வீடு நன்றாகவே பொருந்திவிட்டது. இரண்டு இடத்திலும் வீடுதான் குடும்பத்தின் மதிப்பு. வீடு கைமாறினால் பெண்களின் திருமணப் பேச்சும் மாறிவிடும்.

புதினத்தைப் படிக்க நேரமில்லாத மாணவர்கள் படத்தைப் பார்த்துவிட்டுத் தேர்வுக்குச் செல்வதுண்டு. அதில் கதை கிடைத்துவிடும். ஆனால் யார் யாரிடம் எதைச் சொல்லலாம், எதைக் கேட்கலாம் என்ற கேள்விதான் ஆஸ்டினின் புதினத்தை நடத்திச் செல்கிறது. அந்தக் கேள்விக்குத் தமிழ்ப் படம் தரும் விடை வேறு. சில இடங்களில் அது மூலத்தை விஞ்சுகிறது. ஓரிடத்தில் பெரிதாக இழக்கிறது.

உயிலும் வாக்கும்

புதினத்தில் ஹென்றி டாஷ்வுட் இறக்கும் தறுவாயில், முதல் மனைவியின் மகனான ஜானை அழைத்து, சிற்றன்னையையும் மூன்று தங்கைகளையும் கவனித்துக்கொள்ளும்படி கேட்கிறார். ஜானும் வாக்குக் கொடுக்கிறான். தங்கைகளுக்குத் தலா 1,000 பவுண்டு, ஆக 3,000 பவுண்டு தருவதென்று மனத்துக்குள் முடிவும் செய்கிறான். இரண்டாம் அதிகாரத்தில் அவன் மனைவி ஃபேனி பேசத் தொடங்குகிறாள். பேச்சு வளர வளரத் தொகை பாதியாகிறது. பிறகு ஆண்டுக்கு 100 பவுண்டு என்றாகிறது. பிறகு எப்போதாவது 50 பவுண்டு. கடைசியில், வீடு மாறும்போது சாமான் ஏற்ற உதவுவதும் பருவத்தில் கொஞ்சம் மீனும் வேட்டைக்கறியும் அனுப்புவதுமே போதும் என்று முடிகிறது. ஒருவர் குரலையும் உயர்த்துவதில்லை, கெட்ட சொல் ஒன்றுகூட வருவதில்லை. தாயும் மூன்று பெண்களும் ஆண்டுக்கு 500 பவுண்டில் வாழ வேண்டியவர்கள் ஆகின்றனர். ஆங்கிலப் புதினங்களில் இதைவிடக் கொடிய கணவன் மனைவி உரையாடலைக் காண்பது அரிது. நம் வீடுகளில் கூடப்பிறந்தவளுக்குச் சீர் கொடுப்பது பற்றி நடக்கும் பேச்சைக் கேட்டவர்களுக்கு இதற்கு விளக்கம் தேவைப்படாது.

படத்தில் இந்த உரையாடல் இல்லை. அங்கே தாத்தா படுத்த படுக்கையாக இருக்கிறார். தாய் பத்மா (ஸ்ரீவித்யா) அவருக்குத் தெரியாமல் காதல் திருமணம் செய்துகொண்டவள். அந்தக் கோபத்தில் பல ஆண்டுகளுக்கு முன்பே சொத்து முழுவதையும் மகன் சுவாமிநாதன் பெயருக்கு அவர் எழுதி வைத்துவிட்டார். கடைசிக் காலத்தில் அவரைப் பார்த்துக்கொண்டவர்கள் மகளும் பேத்திகளுமே. உயிலைப் பற்றி அவர் ஏதோ சொல்ல முயல்கிறார், ஆனால் அது ஒருவருக்கும் புரியவில்லை. அவர் இறந்தபின் உயில் படிக்கப்படுகிறது.

இந்த மாற்றம் ஆழமானது. ஆஸ்டினில் சொன்ன சொல் கேட்கப்படுகிறது, பின்னர் பேசிப் பேசியே கரைக்கப்படுகிறது. தமிழில் சொல்லே வெளிவரவில்லை. மேலும், தாயின் திருமணத்துக்கான தண்டனை மகள்களின் திருமண வாய்ப்பின் மீது விழுகிறது. புதினத்தில் இல்லாத இந்தத் தலைமுறைக் கணக்கு தமிழ்க் குடும்பங்களுக்கு மிகவும் பழகியது. தழுவலின் மிகச் சிறந்த பகுதி இதுவே.

கடிதம்

ஆஸ்டின் காலத்தில் மணமாகாத ஆணும் பெண்ணும் ஒருவருக்கொருவர் கடிதம் எழுதினால், அவர்களுக்குள் திருமணம் நிச்சயமாகிவிட்டது என்றே ஊர் கொள்ளும். லண்டனில் மரியான் வில்லோபிக்கு எழுதுவதைப் பார்த்து எலினோரும் அப்படித்தான் நினைக்கிறாள். அதற்கு முன்பே, மரியானிடம் நேரடியாகக் கேட்டுவிடலாமே என்று அவள் தாயிடம் சொல்லிப் பார்த்திருந்தாள். மகளின் மனத்தைக் கட்டாயப்படுத்திக் கேட்க மாட்டேன் என்று தாய் மறுத்துவிட்டாள். நாகரிகம் கருதி எவரும் கேட்காததால், நிச்சயமே நடக்கவில்லை என்பது எவருக்கும் தெரியாமல் போகிறது. மரியானின் மூன்று கடிதங்களுக்கும் சேர்த்து வரும் ஒரே பதில் குளிர்ந்த மரியாதையோடு இருக்கிறது. அதன் வாசகத்தைச் சொல்லிக் கொடுத்தவள், 50,000 பவுண்டுக்கு உரியவளான மணப்பெண் என்பது பின்னரே தெரிய வருகிறது.

மீனாட்சிக்குக் கடிதம் வருவதில்லை. முதல் பாடல் ஒலிப்பதிவு நாளன்று, ஸ்ரீகாந்தையும் அவன் மணக்கப்போகும் பெண்ணையும் அவள் நேரில் பார்த்துவிடுகிறாள். ஒரு பார்வையில் எல்லாம் முடிந்துவிடுகிறது. திரைக்கு அது போதும். ஆனால் நாள்கணக்கில் பதிலுக்காகக் காத்திருக்கும் மரியானின் வேதனை இங்கே இல்லை.

ஸ்ரீகாந்தின் பாத்திரம் வேறு விதமாக வலுவானது. வில்லோபியின் கடன் அவனுடைய சொந்த ஊதாரித்தனம்; மேலும் அவன் ஓர் இளம்பெண்ணைக் கெடுத்துக் கைவிட்டவன். ஸ்ரீகாந்தின் நிறுவனம் நொடித்துப்போய், முதலீடு செய்தவர்களுக்குப் பணம் திருப்பித் தர வேண்டியிருக்கிறது. அமைச்சர் ஒருவர் தம் மகளை மணந்துகொண்டால் காப்பாற்றுவதாகச் சொல்கிறார். 1990-களில் தமிழ்நாட்டில் நிதி நிறுவனங்கள் அடுத்தடுத்துச் சரிந்ததைப் பார்த்தவர்களுக்கு இது கற்பனையாகத் தோன்றியிருக்காது. பாரதி கவிதையைச் சொல்லிக் காதலித்தவன் பணக்கணக்கில் தோற்பதை மூலத்தைவிட நம்பும்படி படம் காட்டுகிறது.

சௌம்யாவின் மௌனம்

படம் இழப்பது லூசி ஸ்டீலை. புதினத்தில் எட்வர்ட் தனக்கு நான்கு ஆண்டுகளுக்கு முன்பே இரகசியமாக நிச்சயிக்கப்பட்டவன் என்று லூசி எலினோரிடம் சொல்லி, வெளியே சொல்லக்கூடாது என்று உறுதி வாங்கிக்கொள்கிறாள். சொல்வது நம்பிக்கையால் அன்று, போட்டியாளரின் வாயைக் கட்டுவதற்காக. எலினோர் நான்கு மாதங்கள் தங்கையிடம்கூடச் சொல்லாமல் அதைச் சுமக்கிறாள். உணர்ச்சியே இல்லாதவள் என்று தங்கை அவளைக் குறை கூறும்போதும் வாய் திறப்பதில்லை. அந்த மௌனம் அவள் தானே ஏற்றுக்கொண்ட ஒழுக்கம், அவளுடைய வீரம் என்றே சொல்லலாம்.

படத்தில் லூசிக்கு இணையான பாத்திரம் இல்லை. அமெரிக்காவில் இருந்த ஒரு மாப்பிள்ளை தற்கொலை செய்துகொண்டதால் சௌம்யா ‘ராசியில்லாதவள்’ என்று பேசப்படுகிறாள். ஆகவே அவள் பேசாமல் இருப்பது பிறர் அவள்மேல் சுமத்தியது. சமூக உண்மை என்ற அளவில் இது எலினோரின் இரகசியத்தைவிட நமக்கு நெருக்கமானது. பெண் பார்க்க வருவோர் ஒரு சொல்லில் ஒரு பெண்ணின் பத்தாண்டுகளை வீணாக்கிவிடும் ஊர்கள் இன்றும் உள்ளன. ஆனால் பாத்திரம் என்ற அளவில் சௌம்யா சிறுத்துவிடுகிறாள். எலினோர் பேசியிருக்கலாம், பேசவில்லை. சௌம்யாவிடம் சொல்ல ஏதும் இல்லை, பொறுத்துக்கொள்வது மட்டுமே உண்டு. தபுவின் நடிப்பு இந்தக் குறையைப் பெரும்பாலும் மறைத்துவிடுகிறது என்பது வேறு.

லூசி இல்லாததால் இறுதித் திருப்பமும் மாறுகிறது. புதினத்தில் வேலையாள் தாமஸ், திரு. ஃபெரார்ஸுக்குத் திருமணம் ஆகிவிட்டது என்று செய்தி கொண்டு வருகிறான். எட்வர்ட்தான் என்று வீடே எண்ணுகிறது. எட்வர்ட் நேரில் வந்து நின்றபின்பே, லூசி மணந்தது அவன் தம்பி ராபர்ட்டை என்று தெரிகிறது. எலினோர் அறையை விட்டு ஓடிப்போய் அழுகிறாள். ஒரு குடும்பப் பெயர் இருவருக்குப் பொருந்துவதால் நேர்ந்த பிழை அவ்வளவே. படத்தில் இதற்கு ஈடாக மனோகரையும் நடிகை ஒருத்தியையும் இணைத்துக் கிசுகிசு பரவுகிறது. கிசுகிசுவை நம்புவதற்கும் பெயரால் ஏமாறுவதற்கும் வேறுபாடு உண்டு. முன்னதில் சௌம்யா கேட்டிருக்கலாம் என்று பார்ப்பவருக்குத் தோன்றிவிடுகிறது.

ஒன்றைப் படம் தாராளமாகத் தருகிறது: வேலை. ஆஸ்டினின் சகோதரிகள் ஏழ்மையிலும் சம்பாதிக்க முடியாதவர்கள். திருமணம் தவிர வேறு வழி இல்லை. சௌம்யா மென்பொருள் நிறுவனத்தில் சிறிய வேலையில் சேர்ந்து நிரலாளராக உயர்கிறாள், கலிபோர்னியா செல்லவும் அழைப்பு வருகிறது. மனோகர் வந்து நிற்கும்போது அவள் புறப்படத் தயாராக இருக்கிறாள். அவளுக்கு இப்போது மறுக்கவும் வழி உண்டு. எலினோருக்கு அது கிடைக்கவில்லை.

மேஜர்

கர்னல் பிராண்டன் இந்தியாவில் பணியாற்றியவர். தங்க மொகராவையும் பல்லக்கையும் சொல்லி வில்லோபி அவரைக் கேலி செய்வான். மேஜர் பாலா இந்திய அமைதிப்படையில் இலங்கைக்குச் சென்று காலை இழந்தவர். இராமேசுவரம், மண்டபம் கரைகளுக்குப் படகுகளில் அகதிகள் வந்திறங்கக் காரணமான அதே போர் அது. படம் அதைப் பற்றி அதிகம் பேசுவதில்லை. பேசியிருந்தால் பாலாவின் தனிமை இன்னும் கனமாகியிருக்கும்.

புதினத்தில் மரியான் நோயுற்றபோது பிராண்டன் செய்வது அவள் தாயை அழைத்து வருவதுதான். பாலாவோ திறந்த சாக்கடைக் குழியில் விழுந்த மீனாட்சியைத் தாமே காப்பாற்றுகிறார். புதினத்தில் வில்லோபிக்கு உரிய காட்சி படத்தில் மேஜருக்கும் கிடைத்துவிட்டது. அதன்பின் மீனாட்சி அவர் அன்பை உணர்ந்து தானும் விரும்புகிறாள். ஆஸ்டினோ, பத்தொன்பது வயதில் பிராண்டனை மணக்கும் மரியான் சம்மதம் சொன்ன காட்சியை எழுதவே இல்லை. கடைசி அதிகாரத்தில் சில வாக்கியங்களில் செய்தியை மட்டும் சொல்லிவிட்டு நகர்ந்துவிடுகிறார்.