நகையும் அழுகையும்: எஸ். என். இலட்சுமியின் நடிப்பு

தொல்காப்பியர் மெய்ப்பாடு எட்டனுள் நகையை முதலாகவும் அழுகையை அதன் அடுத்ததாகவும் வைத்தார். இவ்விரண்டும் அண்டைவீட்டார் என்பதை யாம் நன்குணர்ந்தது, துணைப்பாத்திரங்களிலேயே வாழ்நாளைக் கழித்த ஒரு நடிகையிடமாகும்.

நாடகமேடையிற் பயின்று திரைக்கு வந்த எஸ். என். இலட்சுமி, முதுமை எய்துமுன்னரே தாய்வேடம் பூண்டவர். ‘சர்வர் சுந்தரம்’ (1964) படத்தில் அவர் நாகேஷின் தாய். புகழடைந்த மகன் படப்பிடிப்பில் இருக்க, அவனைக் காணாமலே தாய் உயிர்விடுகிறாள். அக்காட்சி நெஞ்சை உருக்குவதற்குக் காரணம் சாவு அன்று. முன்னைய காட்சிகளில் அவர் காட்டிய ஆரவாரமற்ற வாஞ்சையே. அக்காலத் திரைத்தாய்மார் பலர் கண்ணீரை முன்பணமாகவே செலவிட்டுவிடுவர்.

இருபத்தாறு ஆண்டுகளின் பின் வந்த ‘மைக்கேல் மதன காமராஜன்’ (1990) படத்தில் அவரே திருட்டுப் பாட்டி! சமையற்காரன் காமேசுவரன் விரும்பும் திரிபுரசுந்தரியின் பாட்டி அவர். நகைச்சுவை நடிகர் பலர், ‘இது வேடிக்கை’ என்று கண்சிமிட்டிச் சொல்லியபின்னரே சிரிப்பூட்டுவர். இலட்சுமியோ களவைக் கடமையைப்போலச் செய்கின்றார். அகப்பட்டபோதும் குற்றவுணர்வின் சாயல் இல்லை. எள்ளளவும் சிரியாத அம்முகத்தைக் கண்டே நாம் சிரிக்கின்றோம். வறுமை அங்கே மறைந்து நிற்பதையும் பின்னர் நினைக்கின்றோம்.

அக்கிரகாரப் பேச்சை இப்படத்தில் அவ்வாறு பேசியவர், ‘விருமாண்டி’ (2004) படத்தில் மதுரைச் சீமைக் கிழவியாகின்றார். பேச்சு மட்டுமன்று, நடையும் இருப்பும் அங்கே வேறு. இவ்வேறுபாட்டை ஒப்பனைக்காரர் தந்தது எனல் பொருந்தாது.

வாழ்வின் இறுதிக்காலத்தில் ‘சரவணன் மீனாட்சி’ முதலிய தொலைக்காட்சித் தொடர்களிலும் நடித்தார். முகத்தை அண்மையிற் காட்டும் சின்னத்திரை அவரது அடக்கத்துக்கு உகந்ததே. எனினும் ஒரே உணர்ச்சியை நாட்கணக்கில் நீட்டும் தொடர்முறை அவரது ஆற்றலை முழுதும் பயன்படுத்திற்று எனக் கூறல் இயலாது.

2012இல் அவர் மறைந்தார். அவரது பாத்திரங்களுட் பல, பெயரால் அன்றித் ‘தாய்’, ‘பாட்டி’ என்ற உறவால் மட்டுமே நினைவிலிருப்பன. கதைநாயகரின் நடிப்பைப் பக்கம்பக்கமாக ஆராயும் நம் திறனாய்வாளர், ‘மகாநதி’ (1994) படத்தை ஒருமுறை மீண்டும் காணல் வேண்டும். சிறைப்பட்ட மருமகனின் பிள்ளைகளைக் காக்கும் முதியவளாக அதில் அவர் வருகின்றார். அவள் இறந்தபின் அப்பிள்ளைகள் படும் அவலம் யாவும், அவர் அக்குடும்பத்தில் எவ்வளவு இடத்தை நிரப்பியிருந்தார் என்பதையே காட்டுகின்றன.